அரசுப் பணித் தெரிவை எதிர்த்துத் தாமதமாக வழக்குத் தொடுத்தல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இந்தியாவில் அரசுப் பணிக்கான தெரிவை எதிர்த்து நீதிமன்றத்துக்கு வருபவர் இரண்டு கேள்விகளுக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. என்ன தவறு நடந்தது என்பது ஒன்று. இத்தனை நாள் ஏன் வரவில்லை என்பது மற்றொன்று. முதல் கேள்விக்குக் கட்டுக்கட்டாக ஆவணம் வைத்திருப்பவர்கள் இரண்டாவது கேள்வியில் தடுமாறுவதைப் பணி வழக்குகளின் கோப்புகளோடு புழங்குபவர்கள் அடிக்கடி பார்க்கிறோம். கீழே உள்ளவை அந்த இரண்டாவது கேள்வியைப் பற்றியவை.

உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்ய இத்தனை நாள் என்ற காலவரம்பு உண்டா?

இல்லை. அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தை நேராக அணுகும் இந்த மனுவுக்கு வழிசெய்யும் அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவு நாள் எதையும் குறிப்பிடவில்லை. 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டமும் ரிட் மனுக்களுக்கு நேரடியாகப் பொருந்துவதில்லை. இதைப் படித்துவிட்டுத்தான் பலர் நிம்மதியாக இருந்துவிடுகிறார்கள்.

காலவரம்பே இல்லாதபோது தாமதத்தைக் காரணம் காட்டி மனுவை எப்படித் தள்ளுபடி செய்ய முடியும்?

226-ஆவது பிரிவின்கீழ் நிவாரணம் வழங்குவது நீதிமன்றத்தின் விருப்புரிமையைச் சார்ந்தது. மனுதாரரின் பக்கம் சட்டம் இருந்தாலும், அவர் தன் உரிமையைத் தானே பொருட்படுத்தாமல் இருந்திருந்தால், அந்த விருப்புரிமையை அவருக்குச் சாதகமாகப் பயன்படுத்த நீதிமன்றம் மறுக்கலாம். வழக்கறிஞர்கள் ‘லாச்சஸ்’ என்று சொல்வது இதைத்தான். அதில் நாட்கணக்கு ஒரு பாதி மட்டுமே. அந்த நாட்களில் எதிர்த்தரப்பில் என்ன நடந்தது என்பது மறுபாதி. தெரிவான ஒருவர் பழைய வேலையை விட்டுவிட்டுப் புதிய பணியில் சேர்ந்து, தகுதிகாண் பருவத்தை முடித்து, பதவி உயர்வுப் பட்டியலிலும் இடம்பெற்றுவிட்ட பிறகு அவருடைய நியமனத்தை அசைக்க நீதிமன்றம் எளிதில் முன்வராது. வருமான வரி அதிகாரிகளின் பணிமூப்பைப் பற்றிய ரவீந்திரநாத் போஸ் வழக்கில், ஏறத்தாழ 15 ஆண்டுகள் கழித்து எழுப்பப்பட்ட கேள்வியை உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இந்தக் காரணத்துக்காகவே ஏற்க மறுத்தது. அடிப்படை உரிமை மீறப்பட்டதாகச் சொல்லி நேராக உச்ச நீதிமன்றத்துக்குப் போனாலும் தாமதம் பார்க்கப்படும் என்பதற்கு அது முக்கியமான எடுத்துக்காட்டு.

அப்படியானால் எவ்வளவு நாள் வரை தாமதம் இல்லை எனலாம்?

இதற்கு ஒரே எண்ணைப் பதிலாகச் சொல்பவரை நம்ப வேண்டாம். ஆனால், நீதிமன்றங்கள் அளவுகோலாகக் கொண்ட சில எண்கள் உண்டு. 1964-ஆம் ஆண்டின் பாய்லால் பாய் வழக்கில், அதே நிவாரணத்துக்காகச் சிவில் வழக்குத் தொடுக்கச் சட்டம் தரும் காலத்தையே ரிட் மனுவுக்கும் பொதுவாக நியாயமான அளவாகக் கொள்ளலாம் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அது பெரும்பாலும் 3 ஆண்டுகளாக அமையும். அந்த வழக்கு வரியைத் திரும்பப் பெறுவது பற்றியது. பணி விவகாரங்களில் அளவுகோல் இன்னும் இறுக்கமானது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற சதாசிவசாமி வழக்கில், 1957-இல் பணிமூப்பில் இளையவர்களுக்குத் தரப்பட்ட பதவி உயர்வை 1971-இல் எதிர்த்த பொறியாளரின் மனு ஏற்கப்படவில்லை. தனக்கு இளையவர் மேலே உயர்த்தப்பட்டால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றத்தை அணுக வேண்டும் என்று 1974-இல் அந்த வழக்கில் சொல்லப்பட்டதே இன்றும் எதிர்மனுக்களில் முதலில் எடுத்துக்காட்டப்படுகிறது.

புதிய நியமனங்களில் ஓராண்டைக்கூட நம்பியிருக்கக் கூடாது என்பது என் கருத்து. பதவி உயர்வு வழக்கில் எதிரில் இருப்பவர் ஒருவரோ இருவரோ. நேரடித் தெரிவில் நூற்றுக்கணக்கானோர். கலந்தாய்வு முடிந்து அவர்கள் பணியில் சேர்வதற்கு முன் வருகிற மனுவுக்கும், சேர்ந்த மறுநாள் வருகிற மனுவுக்கும் இடையே நாட்கணக்கில் பெரிய வேறுபாடு இல்லாமல் போகலாம். நிவாரணத்தில் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு வந்துவிடும்.

மத்திய அரசுப் பணிகளுக்கும் இதே நிலைதானா?

இல்லை, அங்கே காலவரம்பு எழுத்திலேயே இருக்கிறது. மத்திய அரசுப் பணிகளுக்கான ஆட்சேர்ப்பு பற்றிய வழக்குகள் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குச் செல்ல வேண்டும். 1985-ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் 21-ஆவது பிரிவின்படி இறுதி ஆணை வந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். சட்டப்படியான மேல்முறையீடு செய்து ஆறு மாதம் வரை பதில் இல்லையென்றால், அந்த ஆறு மாதம் முடிந்த நாளிலிருந்து ஓராண்டு. போதிய காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு. அதற்குத் தனி மனு வேண்டும். தீர்ப்பாயத்தின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வுக்குச் செல்லலாம் என்பது 1997-இல் சந்திரகுமார் வழக்கில் உறுதியானது. தமிழ்நாட்டு அரசுப் பணிகளைப் பொறுத்தவரை இப்போது மாநிலத் தீர்ப்பாயம் இல்லாததால், சென்னை உயர் நீதிமன்றத்துக்கோ அதன் மதுரைக் கிளைக்கோ நேராகப் போக வேண்டும்.

எந்த நாளிலிருந்து தாமதத்தைக் கணக்கிடுவார்கள்? இறுதிப் பட்டியல் வந்த நாளிலிருந்தா?

பெரும்பாலானோர் சறுக்கும் இடம் இதுதான். தெரிவு என்பது அறிவிக்கை, விண்ணப்பம், எழுத்துத் தேர்வு, உத்தேச விடைக்குறிப்பு, மதிப்பெண் வெளியீடு, சான்றிதழ் சரிபார்ப்பு, நேர்முகத் தேர்வு, தரவரிசை, கலந்தாய்வு, நியமன ஆணை என்று படிப்படியாக நகர்வது. உங்கள் குறை எந்தப் படியில் பிறந்ததோ அந்தப் படியிலிருந்துதான் நாள் ஓடத் தொடங்குகிறது.

கல்வித் தகுதியைப் பற்றிய அறிவிக்கையின் வாசகம் தவறு என்பது உங்கள் வாதமானால், அறிவிக்கை வெளியான நாளே தொடக்கம். இனச்சுழற்சிப்படி, அதாவது காலியிடங்களை இடஒதுக்கீட்டுப் பிரிவுகளுக்கு முறைவைத்துப் பங்கிடும் வரிசைப்படி, உங்கள் பிரிவுக்கு ஒதுக்க வேண்டிய இடம் ஒதுக்கப்படவில்லை என்றால், அந்தக் காலியிடப் பங்கீடு அறிவிக்கையிலேயே அச்சாகியிருந்ததா, அல்லது தெரிவுப் பட்டியலைப் பார்த்த பிறகே தெரியவந்ததா என்று பார்க்க வேண்டும். விடைக்குறிப்பில் பிழை என்றால், ஆட்சேபம் தெரிவிக்கத் தேர்வாணையம் தந்த சில நாட்களுக்குள் நீங்கள் ஆட்சேபித்தீர்களா என்பதே முதல் கேள்வியாக வரும். அந்த நாட்களில் பேசாமல் இருந்துவிட்டுக் கட்-ஆஃப் மதிப்பெண்ணுக்கு அரை மதிப்பெண் குறைந்த பிறகு பிழையைக் கண்டுபிடித்தவரின் மனுவை நீதிபதி எந்த முகத்தோடு பார்ப்பார் என்று யோசித்துக்கொள்ளலாம். போதாக்குறைக்கு, விடைக்குறிப்பு சரியானது என்றே முதலில் கருத வேண்டும், ஐயம் இருந்தால் அதன் பயன் தேர்வு நடத்தும் அமைப்புக்கே போக வேண்டும் என்று 2017 டிசம்பரில் ரண் விஜய் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

அறிவிக்கையில் இல்லாத ஒரு நிபந்தனையை இடையில் புகுத்துவது வேறு வகை. தெரிவு தொடங்கிய பிறகு, விதியோ அறிவிக்கையோ இடம் தராத நிலையில், தகுதி அளவுகோலை நடுவழியில் மாற்றக் கூடாது என்று தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் 2024 நவம்பர் 7 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. அப்படிப்பட்ட மாற்றத்துக்கு, அது உங்களுக்குத் தெரியவந்த நாளே தொடக்கம். இணையத்தில் வெளியிடப்பட்ட ஒன்றை ‘நான் பார்க்கவில்லை’ என்று சொல்வது இப்போதெல்லாம் எடுபடுவதில்லை.

துறைக்கு மனு கொடுத்துவிட்டுப் பதிலுக்காகக் காத்திருந்தேன். அந்தக் காலத்தைக் கழித்துவிட மாட்டார்களா?

இப்படிக் கேட்பவர் கொண்டுவரும் பிளாஸ்டிக் உறையைத் திறந்து மேசையில் கவிழ்த்தால் பத்துப் பன்னிரண்டு ஒப்புகை அட்டைகள் விழும். தேர்வாணையத் தலைவர், துறைச் செயலாளர், முதல்வரின் தனிப்பிரிவு, ஆளுநர் என்று எல்லோருக்கும் பதிவுத் தபால் போயிருக்கும். மை மங்கிய அஞ்சல் முத்திரையில் தேதியைக்கூடப் படிக்க முடியாது. கொடுத்தவர் அவற்றைத் தன் விடாமுயற்சிக்குச் சான்றாக நினைக்கிறார். எதிர்த்தரப்பு வழக்கறிஞரோ அதே அட்டைகளைக் காட்டி, ‘முதல் மனுவின் நாளிலேயே இவருக்குக் குறை தெரிந்திருக்கிறது, ஆனாலும் இரண்டு ஆண்டுகள் வரவில்லை’ என்று வாதிடுவார்.

சட்டம் அந்த எதிர்த்தரப்பு வழக்கறிஞரின் பக்கம்தான் இருக்கிறது. சட்டமோ விதியோ ஒரு முறையீட்டுக்கு வழிசெய்திருந்தால், அதன் முடிவு வரும் வரை காத்திருப்பது நியாயம். அப்படி வழிசெய்யாத மனுக்களைத் திரும்பத் திரும்ப அனுப்புவது காலவரம்பை நீட்டாது என்று 1989-இல் ரத்தோர் வழக்கில் ஏழு நீதிபதிகள் அமர்வு கூறிவிட்டது. ஒரு மனு கொடுங்கள். குறையையும் கேட்கும் நிவாரணத்தையும் அதில் தெளிவாக எழுதுங்கள். பதிலுக்கு இத்தனை வாரம் என்று உங்களுக்கு நீங்களே ஒரு கெடு வைத்துக்கொள்ளுங்கள். கலந்தாய்வுத் தேதி அறிவிக்கப்பட்டுவிட்டால் அந்தக் கெடுவையும் பார்க்க வேண்டாம்.

‘மனுவைப் பரிசீலிக்க வேண்டும்’ என்று நீதிமன்றமே உத்தரவிட்டு, துறை அதை நிராகரித்தால், புதிய நாள் கிடைத்ததாகக் கொள்ளலாமா?

இது ஒரு பழைய உத்தி. தாமதத்தைப் பற்றிப் பேசாமல், மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட்டால் போதும் என்று மட்டும் கேட்டு ஒரு ரிட் மனு போடுவது. உத்தரவின்படி வருகிற நிராகரிப்பு ஆணையை வழக்குத் தொடுக்கப் புதிய காரணமாகக் கொண்டு இரண்டாவது மனு போடுவது. தமிழ்நாட்டுப் புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் 1982-இல் பணியிழந்த ஒருவர் ஏறத்தாழ 18 ஆண்டுகள் கழித்துக் கொடுத்த மனுவிலிருந்து எழுந்த ஜேக்கப் வழக்கில், 2008-இல் உச்ச நீதிமன்றம் இந்த உத்தியை விரிவாக அலசி மறுத்தது. செத்துப்போன கோரிக்கை, பதில் எழுதியதால் உயிர்பெறாது. தாமதத்தை மூலச் சம்பவத்தின் நாளிலிருந்தே கணக்கிட வேண்டும் என்று எம்.கே. சர்க்கார் என்பவரின் வழக்கிலும் அதே நிலைப்பாடு தொடர்ந்தது. இதில் ஒரு கேடு என்னவென்றால், முதல் சுற்றில் உத்தரவு வாங்கியவர் வென்றுவிட்டதாக நினைத்து மேலும் சில மாதங்களை இழக்கிறார்.

தகவல் உரிமைச் சட்டத்தில் மதிப்பெண் விவரம் பெறவே எட்டு மாதம் ஆனது. அதையாவது கணக்கில் கொள்வார்களா?

கொள்வார்கள், இரண்டு நிபந்தனைகளோடு. நீங்கள் கேட்ட தகவல் இல்லாமல் வழக்கே போட முடியாது என்ற நிலை இருந்திருக்க வேண்டும். கேட்டதிலும் நீங்கள் சுணங்கியிருக்கக் கூடாது. தகவல் தர 30 நாள், அது வராவிட்டால் முதல் மேல்முறையீடு என்று 2005-ஆம் ஆண்டுச் சட்டம் வகுத்த வரிசையில் நீங்கள் உரிய நேரத்தில் நகர்ந்திருந்தால், அந்தக் காலத்துக்கு விளக்கம் தானாகக் கிடைக்கிறது. பட்டியல் வந்து ஒன்றரை ஆண்டு கழித்து விண்ணப்பித்துவிட்டு, பதில் வந்த நாளைத் தொடக்கமாகக் காட்டுவது செல்லாது.

தேர்வு எழுதிய பிறகு, தேர்வு நடத்திய முறையே தவறு என்று சொல்லலாமா?

முறையைத் தெரிந்துகொண்டே அதில் பங்கேற்று, தோற்ற பின் அதைக் குறை சொல்ல முடியாது என்பது 1995-ஆம் ஆண்டின் மதன் லால் வழக்கிலிருந்து திரும்பத் திரும்பச் சொல்லப்படும் கொள்கை. ஆனால், அது எல்லாக் கதவையும் அடைப்பதில்லை. பங்கேற்றவர் நடைமுறையை ஏற்றுக்கொண்டவர் ஆவாரே தவிர, அதில் உள்ள சட்டமீறலை ஏற்றுக்கொண்டவர் ஆகமாட்டார் என்று, பீகாரில் மருத்துவ அலுவலர் தெரிவு தொடர்பான மீதா சகாய் வழக்கில் 2019-இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. முடிவு வந்த பிறகே ஒரு விதி எப்படிப் பொருள்கொள்ளப்பட்டது என்பது தெரிய வந்தால், முன்கூட்டியே வழக்குப் போட்டிருக்க வேண்டும் என்று எவரையும் எதிர்பார்க்க முடியாது அல்லவா?

என்னைப் போன்ற ஒருவர் வழக்குப் போட்டு வென்றுவிட்டார். அதே பயனை நானும் கேட்கலாமா?

ஒத்த நிலையில் உள்ளவர்களை ஒன்றுபோல் நடத்த வேண்டும் என்பது பொது விதி. ஆனால், மற்றவர் போராடும் வரை மதில்மேல் பூனையாக இருந்துவிட்டு, தீர்ப்பு வந்த பிறகு ஓடிவருபவருக்கு அந்த விதி துணைநிற்காது. உத்தரப் பிரதேசக் குடிநீர் நிறுவன ஊழியர்களின் ஓய்வு வயது பற்றிய ஜஸ்வந்த் சிங் வழக்கிலும், 2014 அக்டோபரில் தீர்ப்பான அரவிந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கிலும் இது தெளிவாக்கப்பட்டது. விதிவிலக்கு ஒன்று உண்டு: தீர்ப்பே எல்லோருக்கும் பொதுவானதாக, ஒரு கொள்கையையோ விதியையோ பற்றி அமைந்திருந்தால், அதைத் தானாக நடைமுறைப்படுத்துவது அரசின் கடமை. ஆகவே, வென்றவரின் தீர்ப்பில் ‘மனுதாரருக்கு மட்டும்’ என்ற வரி இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

தெரிவானவர்கள் வேலையில் சேர்ந்துவிட்டார்கள். அவர்களையும் வழக்கில் சேர்க்க வேண்டுமா?

கட்டாயம் சேர்க்க வேண்டும். தங்கள் வேலையை இழக்கக்கூடியவர்களைக் கேட்காமல் அவர்களுக்கு எதிராக ஆணையிட முடியாது என்பது 1984-ஆம் ஆண்டின் பிரபோத் வர்மா வழக்கிலிருந்து நிலைத்த விதி. எண்ணிக்கை அதிகமாக இருந்தால் சிலரையேனும் மற்றவர்களின் சார்பாளர்களாகச் சேர்க்கலாம். தாமதமான வழக்கில் இந்தப் பிழை இரட்டைச் சுமையாகிறது. குறையைத் திருத்திக்கொள்ள மேலும் சில மாதங்கள் போய்விடும்.

தாமதமாக வந்தும் வழக்கில் வென்றால் உண்மையில் என்ன கிடைக்கும்?

பீகாரில் இளநிலைப் பொறியாளர் பணிக்கு நடந்த தேர்வை எடுத்துக்கொள்வோம். 100 வினாக்களில் 41-க்கு மாதிரி விடையே தவறு என்று வல்லுநர்கள் கண்டறிந்தார்கள். 2013-இல் ராஜேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் விடைத்தாள்களைச் சரியான விடைகளின்படி மறுபடி மதிப்பிட ஆணையிட்டது. ஆனால், ஏறத்தாழ ஏழு ஆண்டுகள் பணிசெய்துவிட்டவர்கள் மறுமதிப்பீட்டில் தேறாவிட்டாலும் அவர்களை வெளியேற்ற வேண்டாம், பட்டியலின் அடியில் வைத்தால் போதும் என்றது. தவறு அவர்களுடையது அல்ல என்பது காரணம். இத்தனைக்கும் அங்கே மனுதாரர்கள் அசட்டையாக இருக்கவில்லை. வழக்கு நடந்த காலமே நீண்டது.

ஆக, நியாயமான எதிர்பார்ப்பு இதுதான்: காலியிடம் எஞ்சியிருந்தால் உங்களுக்கு ஓர் இடம், பெரும்பாலும் கடந்த காலத்துக்கான சம்பளம் இல்லாமல். முழுத் தெரிவையும் ரத்துசெய்யக் கேட்பதைவிட, உங்களுக்கு ஓர் இடத்தை மட்டும் கேட்கும் மனு தாமதத்தைத் தாங்கும் வலிமை கூடுதலாக உடையது. தெரிவுப் பட்டியலில் பெயர் இருந்தாலே நியமனத்துக்கு முழு உரிமை வந்துவிடாது என்று 1991-இல் சங்கர்சன் தாஸ் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

வழக்குத் தாக்கலான உடனே, ‘நியமனங்கள் இவ்வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவை’ என்ற இடைக்கால உத்தரவைக் கேட்டுப் பெறுவது மிகப் பெரிய பாதுகாப்பு. அதன்பின் பணியில் சேர்பவர் எவரும் ‘எனக்குத் தெரியாது’ என்று சொல்ல முடியாது.

முறைகேடு பல ஆண்டுகள் கழித்து வெளிவந்தால்?

அங்கே அளவுகோல் மாறுகிறது. மறைக்கப்பட்ட மோசடியைப் பொறுத்தவரை, அது வெளிப்பட்ட நாளிலிருந்து கணக்கிடுவதே நியாயம். மேற்கு வங்கப் பள்ளிப் பணி ஆணையத்தின் 2016-ஆம் ஆண்டுத் தெரிவில் நியமனம் பெற்ற 25,753 ஆசிரியர், ஆசிரியரல்லாதோர் பணிகளைக் கொல்கத்தா உயர் நீதிமன்றம் 2024 ஏப்ரலில் ரத்துசெய்தது. 2025 ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. முழுத் தெரிவும் கறைபட்டிருந்தால் முழுதும் போகும். கறையைத் தனியே பிரிக்க முடிந்தால் குற்றமற்றவர்களைக் காப்பாற்ற வேண்டும். நாளேட்டுச் செய்தியை மட்டும் நம்பி எல்லாத் தெரிவையும் இந்த வகையில் சேர்க்க முயல்வது வீண்.

‘தொடரும் பாதிப்பு’ என்ற வாதம் ஆட்சேர்ப்பு வழக்கில் செல்லுமா?

பெரும்பாலும் செல்லாது. மாதந்தோறும் குறைவாக வரும் ஓய்வூதியம் போன்றவற்றில் ஒவ்வொரு மாதமும் புதிய பாதிப்பு பிறக்கிறது. 2008-ஆம் ஆண்டின் தர்செம் சிங் வழக்கில் 16 ஆண்டுத் தாமதத்துக்குப் பிறகும், நிலுவையை மூன்று ஆண்டுகளுக்கு மட்டும் சுருக்கி நிவாரணம் கிடைத்தது. அதே தீர்ப்பு, பணிமூப்பு, பதவி உயர்வு போன்று பிறரின் உரிமையைத் தொடுபவற்றுக்கு இது பொருந்தாது என்றும் சொல்கிறது. தெரிவு என்பது ஒரு நாளில் முடிந்துவிடும் நிகழ்வு. அதன் வலிதான் தொடர்கிறது.

கல்வித் தகுதியே இல்லாதவர் பதவியில் இருந்தால்?

எந்த அதிகாரத்தால் இப்பதவியில் இருக்கிறீர் என்று கேட்கும் ரிட் மனுவை, பாதிக்கப்படாத குடிமகனும் தொடுக்கலாம். தாமதம் அங்கே பெரிய தடையாவதில்லை. ஆனால், அந்த மனு அவரை இறக்குமே தவிர, உங்களை ஏற்றாது.

கொரோனா காலம் கழிக்கப்படுமா?

2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தைக் காலவரம்புக் கணக்கிலிருந்து விலக்கி உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. இன்று அதனால் காப்பாற்றப்படும் புதிய வழக்கு அரிது.

தாமதத்தைப் பிரமாணப் பத்திரத்தில் எப்படி விளக்குவது?

‘குடும்பச் சூழ்நிலை காரணமாகவும் சட்ட அறிவின்மையாலும்’ என்று ஒரே வரியில் முடிப்பது விளக்கம் ஆகாது. ஒரு முழுத்தாளை எடுத்து இடப்பக்கம் தேதியும் வலப்பக்கம் நிகழ்வும் எழுதுங்கள்: அறிவிக்கை, தேர்வு நாள், விடைக்குறிப்பு, ஆட்சேபம், பட்டியல், தகவல் கேட்ட நாள், பதில் வந்த நாள், வழக்கறிஞரைச் சந்தித்த நாள். எழுதி முடித்ததும், எந்த இரண்டு வரிகளுக்கு இடையே மூன்று மாதத்துக்கு மேல் வெற்றிடம் இருக்கிறதோ அங்கே பென்சிலால் ஒரு கோடு போடுங்கள். நீதிபதியின் கண் அந்தக் கோட்டில்தான் போய் நிற்கும். அறுவைச் சிகிச்சை என்றால் மருத்துவமனையின் விடுவிப்புச் சுருக்கம், வேறு நீதிமன்றத்தில் தவறாகப் போட்ட வழக்கு என்றால் அதன் எண்ணும் திருப்பி அனுப்பப்பட்ட நாளும் என்று வெற்றிடம் ஒவ்வொன்றுக்கும் ஒரு சான்று வேண்டும். சான்று இல்லாத இடத்தில் கதை கட்டாமல், இருக்கும் நிலையை ஒப்புக்கொண்டு, அந்த இடைவெளியில் எவருக்கும் பாதகம் நேரவில்லை, காலியிடம் இன்னும் நிரப்பப்படவில்லை என்று காட்ட முடிந்தால் அது வலுவான பதில். தாமதத்தைப் பற்றி எதிர்த்தரப்பு கேட்ட பிறகு விளக்கலாம் என்று மனுவில் மௌனமாக இருப்பது என் அனுபவத்தில் ஒருபோதும் உதவியதில்லை.

தனி நீதிபதி தள்ளுபடி செய்துவிட்டால் மேலே போக எவ்வளவு நாள்?

இங்கே மறுபடியும் எழுத்திலுள்ள காலவரம்பு வருகிறது. அதே உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்ய 30 நாள். அதன் தீர்ப்பை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு தாக்கல் செய்ய 90 நாள். சான்றளிக்கப்பட்ட நகலுக்காகக் காத்திருக்கும் நாட்கள் கழிக்கப்படும்; ஆனால், நகல் கேட்டு விண்ணப்பித்த நாளிலிருந்துதான் அந்தக் கழிவு தொடங்குகிறது என்பதால், தீர்ப்பு சொல்லப்பட்ட அன்றே நகல் மனுவைப் போட்டுவிட வேண்டும்.